ஒன்பது நொடி

திரையில் அம்மா சிரித்துக்கொண்டிருந்தாள்.

பார்த்துக்கொண்டிருந்த மகள் தன் நாற்காலியைக் கொஞ்சம் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

"செம சிரிப்பு. ஆனா யூஸ் ஆகாது ரைட்டரம்மா," என்றார் எடிட்டர் தாமு. "பக்கத்து சீட்டு காலியா கெடக்கு பாருங்க. வைட் ஷாட்ல ஆளு இருக்கு."

போன வாரம் ஷூட்டிங் அன்று காலையில் எடுத்த ஷாட் அது. நிகழ்ச்சி தொடங்கும் முன்பே பார்வையாளர்களை உட்காரவைத்துச் சிரிக்கச் சொல்வார்கள். சும்மாவே. கைதட்டச் சொல்வார்கள். பிறகு எந்த ஜோக்குக்கு வேண்டுமானாலும் அதை ஒட்டிக்கொள்ளலாம்.

மூன்று வருடமாக அவள் எழுதியதற்கெல்லாம் ஜனங்கள் இப்படித்தான் சிரித்தார்கள்.

"யாரு இந்தம்மா, தெரியுமா?"

"எங்க அம்மா."

"அட! சொல்லவே இல்ல? அப்ப இவங்க மூஞ்சி வந்தே ஆகணும்."

அவர் வேறு பதிவைத் தேடப் போனார். ஸ்கிட் நடக்கும்போது பார்வையாளர் பக்கம் ஓடிய கேமராவின் பதிவு.

வேண்டாம் என்று சொல்லலாம். சொன்னால், ஏன் என்பார்.

இந்த வாரம்தான் முதன்முறையாக டைட்டிலில் அவள் பெயர் தனியாக வருகிறது. இதுவரை ஆறு பேரோடு ஏழாவதாக ஓடிய பெயர். அதற்காகவே அம்மா ஷூட்டிங்குக்கு வந்தாள். ஹவுசிங் போர்டு பிளாக்கிலிருந்து ரமணி அக்காவையும் மேகலாவையும் கூட்டிக்கொண்டு. வேனில் ஏறும்போதே, "எம் பொண்ணு எழுதுனது" என்று டிரைவர் வரைக்கும் சொல்லிவிட்டு.

அவள் எழுதியது எட்டு நிமிடம்.

புருஷன் விட்டுவிட்டுப் போன ஒருத்தி. தினமும் சாயங்காலம் வராந்தாவில் நின்று போனில் அவனோடு பேசுகிறாள். மறுமுனையில் யாருமில்லை. அக்கம்பக்கம் கேட்க வேண்டும், அவ்வளவுதான்.

சாப்டீங்களா? அங்க வெயிலு எப்படி?

பேசிக்கொண்டிருக்கும்போதே, காதில் வைத்த போன் அடிக்கிறது.

அந்த இடத்தில்தான் பெரிய சிரிப்பு.

அவள் ஒன்பதாவது படிக்கும்போது அது நிஜமாகவே அடித்தது. படியில் உட்கார்ந்து ரெக்கார்டு நோட்டில் இதயம் வரைந்துகொண்டிருந்தாள். அம்மா போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. அது அடிக்க அடிக்க இன்னும் சத்தமாகப் பேசினாள்.

பார்த்தது அவள் ஒருத்திதான். அம்மாவும் அவளும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. பிளாக்கில் எல்லோருக்கும் அப்பா இன்றைக்கும் மஸ்கட்டில் இருக்கிறார்.

புதன்கிழமைக்குள் ஸ்கிரிப்ட் கேட்டார்கள். ஹாஸ்டல் வார்டன், கெமிஸ்ட்ரி மேடம், பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவர்கள், எல்லோரையும் எழுதித் தீர்த்திருந்தாள்.

மஸ்கட்டைத் துபாய் ஆக்கினாள். புடவையை நைட்டி ஆக்கினாள். போதும் என்று நினைத்தாள்.

நைட்டி போட்ட நடிகருக்குத்தான் அந்தப் பேச்சு பிடிபடவில்லை. "எப்படிங்க பேசுவா அவ?" என்று கேட்டார்.

நாலு பேர் முன்னால் வாய் திறக்காதவள் அன்று எழுந்து பேசிக் காட்டினாள். தலையை ஒரு பக்கம் சாய்த்து. துப்பட்டா நுனியை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்து. இரண்டு வார்த்தைக்கு ஒரு 'ம்', எதிரே ஆள் பேசுவதுபோல.

ரிகர்சல் ஹாலே கைதட்டியது. அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது.

ஷூட்டிங்கில் அவள் செட்டுக்குப் பின்னால் நின்றாள். போன் அடித்தது. சிரிப்பு எழுந்தது. உடனே எட்டிப் பார்க்கத் தைரியம் வரவில்லை. பார்த்தபோது, மூன்றாம் வரிசையில் அம்மா சிரித்துக்கொண்டிருந்தாள்.

கைகூடத் தட்டினாள்.

அம்மாவுக்குப் புரியவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா சொன்னது ஒன்றே ஒன்று. "சாப்பாடு நல்லா போட்டாங்கடி."

ஒரு வாரமாக அந்த நிம்மதியில்தான் அவளுக்குச் சோறு இறங்கியது.

"கெடச்சிருச்சு," என்றார் தாமு.

திரையில் போன் அடித்தது. மூன்றாம் வரிசை குலுங்கியது.

அம்மா சிரிக்கவில்லை.

மேடையையும் பார்க்கவில்லை. மெல்ல இடப்பக்கம் திரும்பினாள். ரமணி அக்கா கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். அம்மா அந்த முகத்தையே பார்த்தாள்.

வலப்பக்கம் திரும்பினாள். மேகலா.

மறுபடியும் ரமணி அக்கா.

பிறகு நேராக உட்கார்ந்தாள். மடியில் இருந்த கைப்பையைச் சரிசெய்தாள். சிரித்தாள். கைதட்டினாள்.

"அம்மா கொஞ்சம் லேட்டா சிரிக்கிறாங்க," என்றார் தாமு. "ஜோக்கு வெளங்க நேரமாயிருக்கு."

அவள் நாற்காலியை முன்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

"அண்ணா, இந்த ஸ்கிட்டையே தூக்கிரலாமா?"

"காமெடி பண்ணாதீங்க ரைட்டரம்மா."

அவர் சிரித்துக்கொண்டே அம்மா திரும்பிய இடத்தில் ஒரு கோடு போட்டார். கைப்பையைச் சரிசெய்த இடத்தில் ஒரு கோடு.

"ஒம்பது செகண்டுதான். எடுத்துட்டா சரியா உக்காந்துரும்."

எடுத்தார். முதலிலிருந்து ஓட்டினார்.

போன் அடித்தது. எல்லோரோடும் சேர்ந்து, சரியான நேரத்தில், அம்மா சிரித்தாள்.

"ஓகேவா?"

அவள் "ம்" என்றாள்.