பற்றுரிமை

வட்டியும் முதலும் கட்டி முடித்தாயிற்று. ரசீதும் கைக்கு வந்துவிட்டது.

நகை மட்டும் வரவில்லை.

மேலாளரின் மேசைக்கு எதிரே, நாற்காலியின் நுனியில் அவள் உட்கார்ந்திருந்தாள்.

மேலாளர் வயதில் சின்னப் பெண். பொறுமையாகவே சொன்னார். நகைக்கடன் தீர்ந்தது உண்மைதான். ஆனால் மகனின் படிப்புக் கடனில் அம்மாவும் சேர்ந்து கையெழுத்துப் போட்டிருக்கிறார். அது கட்டாமல் நிற்கிறது. தீரும்வரை இந்தச் சங்கிலியை நிறுத்திவைக்க வங்கிக்கு உரிமை உண்டு. அதற்குப் பெயர் பற்றுரிமை.

கேட்க நன்றாகத்தான் இருந்தது. பற்று அவளுக்கும் இருந்தது. உரிமையைத்தான் யாரும் கொடுக்கவில்லை.

சங்கிலியை மீட்க இரண்டு வருஷம் தீப்பெட்டி ஆபீசில் உட்கார்ந்து குச்சி அடுக்கி முதுகு ஒடிந்திருந்தது. ஊரில் இல்லாத சட்டமா என்று கேட்க வாயைத் திறந்தாள்.

"உங்க மகன்கிட்டயும் போன வாரம் பேசிட்டேம்மா" என்றார் மேலாளர்.

திறந்த வாய் மூடவில்லை.

செண்பகராஜ் சண்டை போட்டுக்கொண்டு வீட்டைவிட்டுப் போய் நாலு வருஷம். அவள் தேடாத ஊர் இல்லை. இருக்கிறானா இல்லையா என்று சொல்லக்கூட ஆள் இல்லை. பெற்றவளால் முடியவில்லை. குறிகாரனால் முடியவில்லை. பெயர் கொடுத்த செண்பகவல்லி அம்மனும் வாய் திறக்கவில்லை.

வங்கி பிடித்துவிட்டது.

எதிரில் இருந்த பெண்ணைப் புதிதாகப் பார்த்தாள். இந்தக் காதில்தானே அவன் குரல் விழுந்திருக்கிறது. கையெடுத்துக் கும்பிடவேண்டும் போல இருந்தது.

"கொரலு எப்படிம்மா இருந்துச்சு?"

கடன் வாங்கியவர்கள் யாரும் மேலாளரிடம் இப்படிக் கேட்டதில்லை. கொஞ்சம் யோசித்தார்.

"சளி பிடிச்ச மாதிரி இருந்துச்சு."

ஐப்பசி பிறந்தால் அவனுக்குச் சளிதான்.

அவனேதான்.

போன் நம்பரைக் கேட்டாள். யாருக்கும் தரவேண்டாம் என்று அவன் சொல்லியிருந்தானாம். யாருக்கும் என்றால் யாருக்கு என்பது அவளுக்குத் தெரியும். அவள் முகத்தைப் பார்த்து மேலாளருக்கும் தெரிந்துவிட்டது.

மேலாளருக்கு மனசு கேட்கவில்லை. ஒரு வழி சொன்னார். அம்மா சம்மதித்தால் சங்கிலியை விற்றுப் படிப்புக் கடனை முடித்துவிடலாம். மிச்சம் கொஞ்சம் கைக்கும் வரும்.

"அதுக்கப்புறம் பேங்க்ல இருந்து உங்க மகனை யாரும் கூப்பிட மாட்டாங்கம்மா."

அவள் பதறி எழுந்துவிட்டாள்.

"வேண்டாம்மா. நகை இங்கயே கெடக்கட்டும்."

புரியவில்லையோ என்று மேலாளர் முதலிலிருந்து மறுபடியும் விளக்கினார். அவள் எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். பிறகு ஒன்றே ஒன்று கேட்டாள்.

"அடுத்து எப்பம்மா அவன்கிட்ட பேசுவீக?"