கதவுக்கு அந்தப் பக்கம்

மனைவி மார்லீஸ் சமையலறையில் இருக்கும் நேரமாகப் பார்த்து, ரூலோஃப் கைபேசிப் பட்டியலின் கடைசிக் கட்டத்தில் டிக் போட்டான்.

அறுபத்து நாலுக்கு அறுபத்து நாலு. நூறு சதவீதம். கைபேசித் திரையில் காகிதப் பூக்கள் பறந்தன.

"முடிச்சுட்டியா?" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

"முடிச்சாச்சு."

முடிக்கவில்லை.

எல்லாம் போன பிறந்த நாளில் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டது. தள்ளுபடி போட்ட போதெல்லாம் வாங்கிக் குவித்த வீடியோ ஆட்டங்கள் அறுபத்து நாலு, தொட்டும் தொடாமலும் அவன் கணக்கில் கிடந்தன. "ஐம்பது வயசு ஆகறதுக்குள்ள அத்தனையும் முடிச்சுக் காட்டறேன்" என்று சொந்தக்காரர்கள் முன்னால் சொல்லிவிட்டான்.

"முடிக்கலைன்னா உன் பெரிய டிவி எனக்கு" என்றான் யெல்லே. பத்து வருஷமாக அலுவலகத்தில் பக்கத்து மேசைக்காரன். சட்டமும் அவன்தான் போட்டான். ஆட்டம் முடிந்து, அதைச் செய்தவர்களின் பெயர்கள் திரையில் ஓடவேண்டும். கண்ணால் பார்த்த பிறகுதான் பட்டியலில் டிக்.

அறுபத்து மூன்றுக்கு ரூலோஃப் அப்படித்தான் போட்டான். பண்ணை ஆட்டத்தில் நானூறு பூசணிக்காய் விளைவித்தான். ரயில் ஆட்டத்தில் ஒரு வண்டிகூடத் தாமதமில்லாமல் ஓட்டினான். நிஜத்தில் எந்த ரயில்வேக்கும் முடியாத காரியம்.

கடைசி ஆட்டத்தில்தான் சிக்கல். வழி தவறிய நரி ஒன்று பனியில் வீடு தேடிப் போகிறது. போயும் சேர்ந்தாகிவிட்டது. வீட்டுக் கதவுதான் திறக்கவில்லை. ஒன்பது நாள் முட்டினான், தட்டினான், சாவி தேடினான், நரியைக் குட்டிக்கரணம்கூடப் போடவைத்தான். கதவு அசையவில்லை. பிறந்த நாள் வந்துவிட்டது.

மதியம் ஜன்னல் வழியாகப் பார்த்தான். ஐம்பதைத் தொட்டவன் வீட்டு வாசலில் வைக்கிற வைக்கோல் கிழவனுக்குப் பக்கத்தில் ஒரு வேன் வந்து நின்றது. யெல்லே இறங்கினான். எப்போதும் சைக்கிளில் வருகிறவன்.

'படுபாவி, தூக்கிட்டுப் போக வண்டியோடவே வந்துட்டான்.'

எல்லோரும் எல்லோருக்கும் வாழ்த்துச் சொல்லி முடித்து, ஆளுக்கு ஒரு துண்டு ஆப்பிள் கேக்கோடு வட்டமாக உட்கார்ந்தார்கள். வட்டத்தில் ஒரே தொல்லை, ஒருத்தர் கேள்வி கேட்டால் பன்னிரண்டு பேரும் பதிலுக்குக் காத்திருப்பார்கள்.

கேட்டது மாமியார் டீனெகெ. பள்ளிக்கூட ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர். வேலைதான் போயிற்று, பழக்கம் போகவில்லை.

"பந்தயம் என்ன ஆச்சு, மாப்பிள்ளை?"

"ஜெயிச்சுட்டேன் அத்தை."

பட்டியல் இருந்த கைபேசி கைமாறிக் கைமாறி வட்டத்தைச் சுற்றியது. யெல்லேயிடம் வந்தபோது கட்டைவிரலால் மெதுவாகக் கீழே தள்ளிக்கொண்டே போனான். கடைசி வரியில் நின்றான். நிமிர்ந்து ரூலோஃபைப் பார்த்துவிட்டு, அடுத்தவருக்குக் கொடுத்தான்.

"அந்தக் கடைசி ஆட்டம் என்ன கதை? சொல்லுங்க கேப்போம்" என்றார் டீனெகெ.

கதவு வரைக்கும் நன்றாகவே சொன்னான். கேக்கை மறந்து கேட்டார்கள்.

"அப்புறம்?"

"கதவு... திறந்துச்சு."

"உள்ள என்ன இருந்துச்சு?"

"உள்ளயா? உள்ள வந்து... வீடு."

"வீட்டுக்குள்ள வீடு இருக்கும்னு எனக்கும் தெரியும் மாப்பிள்ளை."

சிரித்தார்கள். ரூலோஃபுக்குக் காது சுட்டது. டிவி போனால் போகிறது. ஐம்பது வயதில் பொய்யன் என்று பன்னிரண்டு பேர் முன்னால் பெயர் வாங்கவேண்டும்.

யெல்லே முள்கரண்டியைக் கீழே வைத்தான். "அவனை விடுங்கம்மா. அவன் சொல்ல மாட்டான். நான் சொல்றேன்."

தொலைந்தோம் என்று நினைத்தான் ரூலோஃப்.

"உள்ள அடுப்பு எரியுது. மேல பட்டாணி சூப்பு கொதிக்குது. மேசையில ரெண்டு தட்டு. ஆனா ஆளே இல்ல. நரி ஒரு தட்டு முன்னாடி உக்காந்து காத்திருக்கு. ரொம்ப நேரம் கழிச்சு வெளிய யாரோ கதவைத் தட்டறாங்க. போய்த் திறந்தா, அதோட அப்பன். இது காணாம போன நாள்லேர்ந்து பனியில இதைத் தேடி அலைஞ்சுட்டு வந்து நிக்கறான்."

டீனெகெ கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"சூப்புல சாசேஜ் இருந்துச்சா?" என்றார் மார்லீஸின் சித்தப்பா.

"இருந்துச்சு. வட்டம் வட்டமா."

அது போதுமானதாக இருந்தது. "மாப்பிள்ளை ஜெயிச்சுட்டார்" என்று டீனெகெ தீர்ப்புச் சொல்ல, எல்லோரும் கைதட்டினார்கள். யெல்லேயும்தான்.

காலிக் கோப்பைகளோடு அவன் சமையலறைக்குப் போனான். ரூலோஃப் பின்னாலேயே ஓடினான். இதற்கு ஏதோ பெரிதாகக் கேட்கப்போகிறான் என்று மட்டும் உறுதியாகத் தெரிந்தது.

"சரிடா, நான் முடிக்கலை. உனக்குத் தெரிஞ்சுபோச்சு. அந்தக் கதவை நீ எப்படித் திறந்தே, அதையாவது சொல்லு."

"அது திறக்காதுடா."

"திறக்காதா?"

"நானும் அதை வாங்கி முட்டிப் பாத்துட்டு, செஞ்சவங்களுக்கே எழுதிக் கேட்டேன். இப்போதைக்குப் பாதி ஆட்டத்தைத்தான் வித்திருக்காங்க. விக்கிற இடத்துலயே கீழ எழுதியிருக்கு. நீ தள்ளுபடியைப் பாத்ததும் வாங்கிட்டே, படிக்கலை. கதவுக்கு அந்தப் பக்கம் என்னன்னு அவங்களே இன்னும் யோசிக்கலையாம்."

ரூலோஃப் துடைக்கும் துணியை எடுத்தான். "இதெல்லாம் உனக்கு எப்பத் தெரியும்?"

யெல்லே ஒரு கோப்பையைக் கழுவிக் கவிழ்த்தான்.

"ஏப்ரல்லயே. வேனை எதுக்குக் கொண்டாந்தேன்னு நினைச்சே? அன்னிக்கே எங்க வீட்டுச் சுவத்துல உன் டிவிக்கு ஆணி அடிச்சாச்சு."