ஏறாத கோடு

தோட்டப் பள்ளிக்கூடத்து வகுப்பறையில் அன்று பிற்பகல் இருந்தவர்கள்: தோட்டத்தின் உதவி மேலாளரான சின்னத்துரை துஷாந்த். அவருக்குக் குடை பிடிக்கும் கணக்கப்பிள்ளை அந்தோனிமுத்து. தொழிற்சங்கக் கமிட்டித் தலைவர் வீரய்யா. மலை சரியத் தொடங்கிய நாளிலிருந்து அங்கே பாய் விரித்துக் கிடக்கும் மேட்டு லயத்துச் சனம். லயம் என்னும் அந்த வரிசை வீடுகளில் கடைசிக் காம்பராவில் தனியாகக் குடியிருந்த ஜீவராணி.

ஜீவராணி கழுத்துக் கயிற்றில் தொங்கிய வீட்டுச் சாவியை விரலால் உருட்டிக்கொண்டிருந்தாள். வந்த நாளிலிருந்து அவள் அதைக் கழற்றியதே இல்லை. வீட்டுக்குப் போக அவ்வளவு ஆசை என்று மற்றப் பெண்கள் கேலி செய்வார்கள்.

துஷாந்த் கரும்பலகையில் ஒரு வரைபுத்தாளை ஒட்டியிருந்தார்.

“கீழ படுக்கையா போறது நாள். நேரா மேல போறது லயத்துச் செவத்து வெடிப்போட அகலம், மில்லிமீட்டர்ல. வெடிப்பு பெருசானா கோடு ஏறணும். ஏறியிருக்கா? கண்ணத் தொறந்து பாருங்க.”

முதல் இரண்டு புள்ளிகள் மட்டும் ஏறியிருந்தன. மற்றவை ஒரே மட்டத்தில் வரிசையாக நின்றன. அடிமட்டம் வைத்து அவற்றை இணைத்திருந்தார்.

“இந்த மலையில ரயில் ரோடே இப்பிடி நேரா போகாதுங்க தொர,” என்றார் வீரய்யா.

பின்னால் சிரித்தார்கள். துஷாந்தின் முகம் சிவந்தது.

“நக்கலா தலைவர்? வெடிப்பு நின்னுருச்சு. திங்கக்கெழம காலையில ஸ்கூல் காலியா இருக்கணும். லயத்துக்குப் போகாதவங்க பேரக் காலைப் பெரட்டுல வேலைக்குக் கூப்பிட மாட்டோம். வேற தோட்டத்துல போய் வேல தேடிக்கலாம்.”

“ராவுல செவரு எங்க மேல விழுந்தா?”

“விழாது.”

“எந்தச் சாமி சொல்லிச்சு?”

“கோடு சொல்லுது.”

“கோட்டக் கீறினது யாரு? ஆபீஸ் மேசையில ஒக்காந்து கணக்கப்புள்ள கீறினதா?”

அந்தோனிமுத்து குடையின் ஈரத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

“நான் கீறினது!” துஷாந்த் பலகையில் ஓங்கித் தட்டினார். “ஒவ்வொரு புள்ளியும் நான் வச்சது. காலையில தனியாப் போயி, இந்தா இவ வீட்டு அடுப்படிச் செவத்துல அளந்து பாத்து வச்சது. நீங்கல்லாம் அப்ப இங்க இழுத்துப் போத்திக்கிட்டுத் தூங்குனீங்க.”

ஜீவராணி எழுந்து நின்றாள்.

“உள்ள போயா தொர அளந்தீங்க?”

“உள்ள போகாம? வெளியில நின்னு மோந்து பாத்தா அளப்பாங்க?”

“தெனமுமா?”

“தெனமும். இன்னைக்கும்.”

அவள் வரைபையே சற்று நேரம் பார்த்தாள்.

“அப்பச் சரிங்க தொர. நான் லயத்துக்குப் போறேன்.”

வகுப்பறை கொதித்தது. “அடி பாவி, ஒருத்தி போனா எல்லாரையும் புடிச்சுத் தள்ளிருவானுங்கடி!” என்று கத்தினாள் பக்கத்துக் காம்பரா வீரம்மா. “பங்களாவுல வேல தாறேன்னுட்டாங்களா?” என்று ஒரு குரல். யாரோ அவளுடைய துணி மூட்டையை எட்டி உதைத்தார்கள். வீரய்யா ஜன்னல் வழியாகக் காறித் துப்பினார்.

ஜீவராணி அவர்கள் பக்கம் திரும்பவில்லை. “ஒரு தடவ வந்து காட்டிருங்க தொர. எந்த எடத்துல அளந்தீங்கன்னு பாத்துட்டா நிம்மதியா படுப்பேன்.”

துஷாந்த் கடிகாரத்தைப் பார்த்தார். அத்தனை சனமும் அவரைப் பார்த்தது.

“சரி, வா,” என்றார்.

தேயிலை மலையின் குறுக்குப் பாதையில், கணக்கப்பிள்ளை குடை பிடித்து வர, மூவரும் ஏறினார்கள். மழை விடவில்லை.

“அந்தக் கூட்டத்துலயே ஒனக்குத்தான் புத்தி இருக்கு,” என்றார் துஷாந்த். “ஒம் புருசன வந்து என்னைப் பாக்கச் சொல்லு. வாச்சர் வேல போட்டுத் தாறேன்.”

“அவரு செத்து வருசக்கணக்காச்சுங்க தொர.”

துஷாந்த் நடையை எட்டிப் போட்டார்.

லயத்தில் மற்றக் காம்பராக்களின் கதவுகள் திறந்தபடி காற்றில் அடித்துக்கொண்டிருந்தன. சனம் ஓடிய அவசரத்தில் யாரும் பூட்டவில்லை. கடைசிக் கதவில் மட்டும் பூட்டு தொங்கியது.

ஜீவராணி சாவியை நுழைத்தாள். பூட்டு துருப்பிடித்து இறுகியிருந்தது. கல்லெடுத்து இரண்டு தட்டுத் தட்டித்தான் திறக்க வேண்டியிருந்தது. துஷாந்த் கணக்கப்பிள்ளையைத் திரும்பிப் பார்த்தார்.

“மொதல்ல நீங்க போங்க தொர. பழகின எடந்தானே.”

அவர் தலையைக் குனிந்து உள்ளே போனார். அடுப்படித் தரை முழுவதும் மேலிருந்து வழிந்த சேறு. அதில் ஒரு காலடித் தடம்கூட இல்லை. மலைப்பக்கச் சுவர் ஓர் ஆள் தலையை நுழைக்கும் அளவுக்குப் பிளந்திருந்தது. பிளவுக்குள் தேயிலை வேர்கள் தொங்கின.

அவருக்குப் பின்னால் கதவு சாத்தப்பட்டது. பூட்டு விழும் சத்தம் கேட்டது.

“ஏய், என்னடி பண்ற? அந்தோனி! கதவத் தொறய்யா!”

கணக்கப்பிள்ளை குடையை ஜீவராணியின் பக்கம் சாய்த்துப் பிடித்தார். அவள் கயிற்றை மறுபடியும் கழுத்தில் மாட்டிக்கொண்டாள்.

“அளந்துட்டுக் கூப்பிடுங்க தொர. சாவி எப்பவும்போல என்கிட்டதான் இருக்கு.”