பெயரும் வயதும்

அருப்புக்கோட்டை ஆஸ்பத்திரிப் பிணவறைக்கு முன்னால் உச்சிவெயில் சிமெண்டுத் தரையில் வெள்ளையாக எரிகிறது. காலையில் பட்டாசு ஆலை வெடித்ததில் செத்த ஐந்து பேர் உள்ளே கிடக்கிறார்கள். வாசலில் குந்தியிருக்கும் சுந்தராம்பாளின் மடியில் மகளுடைய சாப்பாட்டுத் தூக்கு இருக்கிறது. நசுங்கிப்போன மூடியைத் திறக்க முடியவில்லை. அவள் முன்னால் குறிப்பேட்டோடு நிற்கிறார் உதயகுமார். நாடகம் எழுதினார், சென்னைக்குப் போய்ப் பதினொரு படத்துக்கு வசனம் எழுதினார், இப்போது அறுபத்தாறு வயதில் ஒரு நாளிதழுக்கு உள்ளூர்ச் செய்தி அனுப்புகிறார். அவருடைய நாடகங்களில் அம்மா வேஷம் கட்டியவள் சுந்தராம்பாள். “வாத்தியாரய்யா, பிள்ளையப் பறிகொடுத்தவளுக்கு எம்புட்டு வசனம் எழுதிக் குடுத்தீக! பரளச்சித் திருவிழாவுல சனமெல்லாம் அழுதுச்சே,” என்கிறாள். “இப்ப ஒரு சொல்லு வரமாட்டேங்குது.” தூக்கின் மேல் ஓர் ஈ ஊர்கிறது. ஃபோன் அடிக்கிறது, பத்திரிகை அலுவலகத்திலிருந்து. “அண்ணே, சாவு எத்தனை? எண்ணிக்கை போதும், பேப்பர்ல இடமில்ல.” “அஞ்சு,” என்கிறார். “பேரையும் எழுதிக்கங்க. சுகப்பிரியா, வயது இருபத்து நாலு.” சுந்தராம்பாள் அவர் வேட்டியைப் பிடித்து இழுக்கிறாள். “இருபத்து மூணுதேன்யா. ஆவணி பெறந்தாத்தேன் நாலு.” திருத்திச் சொல்ல வாயெடுக்கும்போது இணைப்பு துண்டிக்கப்பட்டிருப்பது தெரிகிறது. அவர் ஃபோனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. “இருபத்து மூணு,” என்கிறார், அவளுக்குக் கேட்கும்படி. பிறகு அவள் மகளின் பெயரை ஒவ்வோர் எழுத்தாக, நிறுத்தி நிறுத்திச் சொல்கிறார்.