ஊமத்தை இருந்த இடம்

ஊமத்தை பகலிலும் தெரியும் நட்சத்திரம். தூசி மண்டலத்தைக் கடந்து வரும் விண்கப்பல்கள் அதைப் பார்த்துத்தான் துறைக்குத் திரும்பும். அன்று மதியம் அது அணைந்துவிட்டது.

துறையின் மைக் முன்னால் கோமளம் இருந்தாள். தூசிக்குள் நான்கு கப்பல்கள் வந்துகொண்டிருந்தன. முதலில் வந்த தானியக் கப்பலைத் தனியாக ஓட்டி வந்தவள் அவளுடைய தங்கை அஞ்சுகம்.

“அக்கா, ஊமத்தையக் காணோமே.”

“அணைஞ்சுபோச்சுடி. பதறாத. பத்தொன்பது வருஷமா வர்ற வழிதானே, கைப்பழக்கத்துல வந்துடு.”

பதினொரு நிமிடம் கழிந்தது. கோமளம் மேசை விளிம்பைப் பிடித்தபடி நின்றாள்.

“தூசியத் தாண்டிட்டேன்க்கா. இறங்குற அளவுக்குத்தான் எரிபொருள் இருக்கு. நேரா வந்துடறேன்.”

கோமளத்துக்கு அழுகை வந்தது. அதற்குள் அடுத்த கப்பலின் மாலுமி கத்தினான். “துறை! எதைப் பாத்துத் திரும்பறது? நூத்திப்பத்துப் பேர் இருக்காங்க!”

கோமளம் வாயைத் திறந்தாள். தங்கையிடம் என்ன கேட்க வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்தது. கேட்க முடியவில்லை.

அஞ்சுகமே பேசினாள். “பின்னால எத்தனை கப்பல்க்கா?”

“மூணு.”

“தூசி விளிம்புலேயே நிக்கிறேன். எல்லா விளக்கையும் போட்டுட்டேன். என்னைப் பாத்து வரச் சொல்லு.”

“அஞ்சு, அங்க நின்னா எரிபொருள் தீர்ந்துடுமே...”

“சொல்லுக்கா.”

கோமளம் பொத்தானை அழுத்தினாள். “எல்லாக் கப்பலுக்கும் சொல்றேன். எதிர்ல ஒரு வெளிச்சம் தெரியும். அதைப் பாத்துத் திரும்புங்க. சீக்கிரம் வாங்க.”

இரண்டு கப்பல்கள் இறங்கிவிட்டன. மூன்றாவது இன்னும் தூசிக்குள் இருந்தது. விளிம்பில் அந்த வெளிச்சம் அசையவே இல்லை.