டெரிக்கின் கடைசி உதை

இங்கிலாந்தில் ஓயாமல் மழை தூறும் ஓர் ஊர். அந்த ஊர்க் கால்பந்து மைதானத்தின் கோல் வலை அன்று காலையிலிருந்தே கவலையில் இருந்தது. தடுப்பாட்டக்காரர் டெரிக்குக்கு அன்றைக்குப் பிரிவுபசார ஆட்டம்.

பந்து எந்தப் பக்கம் வந்தாலும் குறுக்கே விழுந்து, மூக்கை உடைத்துக்கொண்டு, அதை மைதானத்துக்கு வெளியே தூக்கி அடித்தே தலை நரைத்தவர் அவர். ஆனால் அவர் ஒரு கோல்கூடப் போட்டதில்லை.

"இன்னைக்கு மரியாதைக்கு அவருக்கு ஒரு பெனால்டி கொடுக்கப் போறாங்களாம். அதுவும் நம்ம பக்கம். கோல்கீப்பர்கூட ஒதுங்கிக்குவாராம்," என்றது மேலே கிடந்த கம்பம்.

"இத்தனை நாள் என்னைக் காப்பாத்தினவர் காலாலேயே நான் உதை வாங்கணுமாண்ணே?" என்றது வலை.

"ஒரே ஒரு கோலும்மா. மனுஷனுக்கு ஆசை இருக்காதா?"

வலை கம்பத்தை இறுகப் பற்றிக்கொண்டது.

கடைசி நிமிஷத்தில் டெரிக் பந்தை வைத்தார். கோல்கீப்பர் ஒதுங்கினார். கூட்டம் எழுந்து நின்றது. வலை தன் கண்களையெல்லாம் இறுக மூடிக்கொண்டது.

தொம்மென்று சத்தம் கேட்டது. ஆனால் எதுவும் வந்து படவில்லை. கண்ணைத் திறந்து பார்த்தால், பந்து கம்பத்தைத் தாண்டி, அரங்கக் கூரையையும் தாண்டித் தெருப் பக்கம் பறந்துகொண்டிருந்தது. கோலுக்கு முன்னால் கிடந்த பந்தை அந்தக் கால் வழக்கம்போல வெளியே தூக்கி அடித்துவிட்டது!

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. டெரிக்கும் தலையில் கைவைத்துக்கொண்டு சிரித்தார்.

"பாவம், கோல் போடணும்கிறதையே மறந்துட்டாரே!" என்றது கம்பம்.

வலை நிம்மதியாக மூச்சு விட்டது.

"என்னை மறக்கலையேண்ணே!"