ஷட்டரில் ஒட்டிய காகிதம்

இட்லிக்கடையை இடிக்க இயந்திரம் வந்து நின்றதும் செசிலியம்மாள் ஈரக்கையோடு வெளியே ஓடி வந்தாள்.

"பதினஞ்சு நாள் முன்னாடியே நோட்டீஸ் ஒட்டியாச்சும்மா. ஆட்சேபணை இருந்தா வந்து சொல்லியிருக்கலாமே?" நகராட்சி அதிகாரி தணிகாசலம் இரைச்சலுக்கு மேல் கத்தினார்.

"எங்க சார் ஒட்டுனீங்க? சத்தியமா நான் பாக்கலியே!"

"ஞாயித்துக்கிழமை கடை மூடியிருந்தப்ப, உங்க ஷட்டர்லதான்."

அவள் கொக்கிக் கம்பியால் ஷட்டரைக் கீழே இழுத்தாள். காகிதம் அங்கேதான் இருந்தது. விடியுமுன் திறந்து, இருட்டிய பிறகு மூடுகிற கடை அது. பகலெல்லாம் காகிதம் மேலே சுருளுக்குள் கிடந்திருக்கிறது.

"ஷட்டர் படிச்சிருச்சு சார், அம்மாதான் படிக்கல" என்று ஓட்டுநர் சிரித்தான்.

தணிகாசலம் சிரிக்கவில்லை. கசங்கிய அந்தக் காகிதத்தையே சற்று நேரம் பார்த்தார். பிறகு கடை பெஞ்சில் உட்கார்ந்து, ஒரு வெள்ளைத்தாளில் அன்றைய தேதியை எழுதினார்.

"இன்னிக்குத்தான் நீங்க பாத்திருக்கீங்க. சொல்ல வேண்டியதச் சொல்லுங்கம்மா, எழுதிக்கிறேன்."

செசிலியம்மாள் நெஞ்சில் சிலுவை இட்டுக்கொண்டு தாழ்ந்த குரலில் பேசத் தொடங்கினாள். உதடுகள் அசைவது மட்டுமே அவருக்குத் தெரிந்தது.

"தம்பி, வண்டிய நிறுத்துப்பா. அவங்க பேசுறது கேக்கல."

இயந்திரம் அடங்கியது.

"முதல்லேருந்து சொல்லுங்கம்மா" என்றார்.